வடக்குக் கரையில் இருநூற்றுப் பன்னிரண்டு பெட்டிகள்

திங்கட்கிழமை, காலை ஆறு நாற்பது. நான் முதலில் பார்த்தது ஒரு செம்மறியாட்டின் பின்புறத்தை. வேலியைத் தாண்டக் குதித்த ஆடு, தரையிலிருந்து ஒரு முழ உயரத்தில் அப்படியே நின்றிருந்தது. அதற்குப் பின்னால் தொப்பி போட்ட ஒரு பெண் உருவம், கையில் வாளியோடு ஒரு காலைத் தூக்கியபடி நின்றது. அது என் மனைவி கல்யாணி. உண்மையான கல்யாணி, மயிலாப்பூரில் எங்கள் ஹாலில், கம்ப்யூட்டருக்கு முன்னால் ஆறிப்போன காபியோடு உட்கார்ந்திருந்தாள். சில வினாடிகளில் ஆடு, வேலி, வாளி எல்லாம் மறைந்து திரை கறுத்தது.

"மறுபடியும் போயிடுத்து. மூணாவது தடவை" என்றாள்.

நான் ஒரு நாளிதழில் இருபத்திரண்டு வருடங்களாக உதவி ஆசிரியன். அடுத்தவர் எழுதியதைச் சுருக்குவது என் தொழில். ஒரு செய்தி இடத்துக்குப் பொருந்தவில்லை என்றால் கீழிருந்து வெட்டிக்கொண்டே வருவேன். எதை எடுத்தோம் என்று வாசகருக்குத் தெரியாது. இதை ஒரு திறமை என்று அன்று வரை நினைத்திருந்தேன்.

விளையாட்டைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். ஆளில்லாத தீவில் நம்மைக் கொண்டுபோய் விடுவார்கள். மரம் வெட்டி, மீன் பிடித்து, குளிருக்கும் ஓநாய்க்கும் தப்பி உயிரோடு இருக்க வேண்டும். அவ்வளவுதான் கதை. (இதற்கு மயிலாப்பூரில் தண்ணீர் லாரிக்குக் காத்திருந்தாலே போதாதா என்று கேட்டு ஒருமுறை வாங்கிக் கட்டிக்கொண்டேன்.) கல்யாணியும் அவள் தம்பி சேகரும் ஐந்து வருடங்களாக ஒரே தீவில் வாழ்ந்துவந்தார்கள். தீவு இருந்தது எங்கள் கம்ப்யூட்டரில். அது பகல் முழுவதும் ஓடிக்கொண்டிருக்கும். சேகர் அடையாற்றில் தன் வீட்டிலிருந்தபடியே அதற்குள் வந்து போவான்.

ஆனால் இருவரும் பேசிக்கொள்வதில்லை. இரண்டு வருடங்களுக்கு முன் தங்கள் அப்பாவின் முதல் தெவசத்தை வீட்டில் செய்யாமல், சமையலிலிருந்து தர்ப்பை வரை எல்லாவற்றையும் ஒரு மண்டபத்தில் ஒப்பந்தத்துக்கு விட்டுவிட்டான் சேகர். பதினொன்றரைக்கு அடுத்த குடும்பம் வாசலில் நின்றது. கல்யாணி சபையில் எல்லாரும் கேட்க, "அப்பாவையும் பார்சல் கட்டிக் குடுத்துடுவாளா?" என்றாள். அன்றிலிருந்து பேச்சு நின்றது. மயிலாப்பூருக்கும் அடையாற்றுக்கும் நடுவே பஸ்ஸில் இருபது நிமிடம். இருவரும் அதைக் கடக்கவில்லை. தீவுக்கு மட்டும் வந்தார்கள், அதுவும் வேறு வேறு நேரத்தில். அவள் தினமும் காலை ஆறு மணிக்கு, அவன் வாரத்தில் இரண்டு நாள் மாலை நாலு மணிக்கு. அக்காவுக்கும் தம்பிக்கும் மிச்சமிருந்தது அந்தத் தீவு ஒன்றுதான்.

ஆகவே கல்யாணியின் கவலை ஆட்டைப் பற்றியது அல்ல. அவள் சாந்தோமில் ஒரு பள்ளியில் கணக்கு ஆசிரியை. ஏழரைக்குக் கிளம்பியாக வேண்டும். செருப்பை மாட்டிக்கொண்டே சொன்னாள்: "நாலு மணிக்கு அவன் வருவான். உள்ள வர முடியலைன்னா நான் கதவைச் சாத்திட்டேன்னு நினைச்சுப்பான். நான் பர்மிஷன் போட்டுண்டு மூணரைக்கு வந்து பாக்கறேன். நீங்க எதையும் தொடாதேங்கோ."

அன்று எனக்கு வார விடுமுறை.

ஒன்பது மணிக்குத் தொட்டேன். விளையாட்டு நின்றுபோகும் ஒவ்வொரு முறையும் தன் கடைசி நிமிடங்களை ஒரு கோப்பில் எழுதிவைத்துவிட்டுத்தான் சாகிறது என்பதைக் கண்டுபிடித்தேன். மூன்று கோப்புகளையும் படித்தேன். மூன்றிலும் கடைசி வரி ஒன்றுதான்: தீவின் வடக்குக் கரையைத் திறக்கிறேன். அதற்குப் பிறகு எதுவும் இல்லை. நான் உதவி ஆசிரியன் ஆகும் முன் நான்கு வருடங்கள் காவல்துறைச் செய்திகள் எழுதியவன். இறந்தவருடன் கடைசியாகக் காணப்பட்டவர் யாரோ அவரைச் சந்தேகப்படுவது எங்களுக்குப் பழக்கம். குற்றவாளி கிடைத்துவிட்டதாக முடிவு செய்தேன். விசாரணைக்கு ஆன நேரம் பதினைந்து நிமிடம்.

இணையத்தில் முகம் தெரியாத ஒருவர் எழுதியிருந்தார்: ஒரே இடத்தில் பொருட்கள் அதிகமாகச் சேர்ந்தால் விளையாட்டு திணறும், வேண்டாததை நீக்குங்கள். வேண்டாததை நீக்குவதற்கு என்னைவிடத் தகுதியானவர் சென்னையில் உண்டா? வடக்குக் கரையில் இருப்பவற்றின் பட்டியலை வரவழைத்தேன். ஒரு கொட்டகை. அதற்குள் இருநூற்றுப் பன்னிரண்டு மரப்பெட்டிகள். ஒவ்வொரு பெட்டியிலும் ஒரே ஒரு பொருள். ஒன்றில் ஒரு ரொட்டி. ஒன்றில் ஒரு மீன். ஒன்றில் ஒரு கம்பளித் துண்டு. ஒன்றில் ஒரு பூசணிக்காய். ஐம்பது பொருள் கொள்ளும் பெட்டியில் ஒரு பூசணிக்காய்.

எனக்குக் கை பரபரத்தது. பத்து வரியில் சொல்ல வேண்டியதை இருநூறு பத்தியில் எழுதிய நிருபரின் செய்தியைப் பார்த்தால் எப்படி இருக்குமோ அப்படி இருந்தது. கல்யாணியும் சேகரும் படித்தவர்கள். இதில் மட்டும் ஏன் இப்படி ஒழுங்கில்லாமல் இருக்கிறார்கள் என்று வருத்தப்பட்டேன். (உண்மையிலேயே வருத்தப்பட்டேன். இன்று நினைத்தால் அந்த வருத்தம்தான் அதிகமாகக் கூசுகிறது.)

ஒவ்வொரு பெட்டியாக நீக்கினேன். நான் பொறுப்பில்லாதவன் அல்ல. நீக்கியதையெல்லாம் ஒரு நிருபர் குறிப்பேட்டில் வரிசை எண் போட்டு, உள்ளே இருந்த பொருள், நீக்கிய நேரம் ஆகியவற்றோடு எழுதிவைத்தேன். பகல் ஒன்று பத்துக்கு இருநூற்றுப் பன்னிரண்டாவது பெட்டி போயிற்று. பெட்டி இல்லாத இடத்தில் கொட்டகை எதற்கு என்று அதையும் எடுத்தேன். வடக்குக் கரை துடைத்துவிட்டாற்போல் சுத்தமாக இருந்தது.

விளையாட்டு நிற்கவில்லை. ஆனால் ஒரு முறை பார்த்து முடிவு செய்பவன் பத்திரிகைக்காரன் அல்ல. மூடித் திறந்தேன். ஓடியது. இப்படி ஏழு முறை மூடி ஏழு முறை திறந்து, ஏழு முறையும் வடக்குக் கரைக்கு நடந்து போய்ப் பார்த்து உறுதி செய்தேன். இந்த விளையாட்டு ஒவ்வொரு முறை மூடும்போதும் தீவின் நகல் ஒன்றைத் தானாகவே எடுத்துவைக்கும் என்பதும், ஐந்து நகல்களைத்தான் வைத்திருக்கும் என்பதும், ஆறாவது வந்தால் பழையதைத் தூக்கி எறிந்துவிடும் என்பதும் எனக்கு மறுநாள்தான் தெரிந்தது. அவசரக்காரன் ஒருவன் ஒரு முறை பார்த்துவிட்டு விட்டிருந்தால் பெட்டிகளைத் திரும்பக் கொண்டுவந்திருக்கலாம். என் நேர்மை அதற்கு இடம் கொடுக்கவில்லை.

நாலு மணி இரண்டு நிமிடத்துக்குச் சேகர் தீவுக்குள் வந்தான். பள்ளியில் கல்யாணிக்குப் பர்மிஷன் கிடைக்கவில்லை போலிருக்கிறது. நான் மட்டும் திரைக்கு முன்னால் இருந்தேன். நீலச் சட்டை, வைக்கோல் தொப்பி. அவனுடைய உருவம் வழக்கம்போல வடக்குக் கரையில் எழுந்து நின்றது. அதன் கையில் ஒரு ரொட்டி இருந்தது. பின்பு அது நகரவே இல்லை. இடம் விசாலமானதை ரசிக்கிறான் என்று நினைத்தேன். பதினேழு நிமிடம் ரசித்தான். பிறகு ஒரு மரப்பலகையை நட்டு, அதில் ஏதோ எழுதிவிட்டு மறைந்தான். போய்ப் பார்த்தேன். "சரி" என்று ஒரே வார்த்தை. பாராட்டு என்று எடுத்துக்கொண்டேன்.

ஐந்தேகாலுக்கு வந்த கல்யாணியை உட்காரவைத்துக் காட்டினேன். அவள் வடக்குக் கரையைப் பார்த்தாள், பலகையைப் படித்தாள், கைப்பையைத் தோளிலிருந்து எடுக்காமலே என்னிடம் கேட்டாள்.

"பெட்டியெல்லாம் எங்கே?"

"அதனாலதான் விளையாட்டு நின்னு நின்னு போச்சு. எடுத்துட்டேன். ஒரு பெட்டிக்கு ஒரு சாமானா வச்சிருந்தேள்."

"வச்சது நான் இல்லை. அவன்" என்றாள். கைப்பையைத் தோளிலிருந்து இறக்கினாள். "வரும்போதெல்லாம் ஒண்ணு வச்சுட்டுப் போவான். அப்பா தெவசத்துக்கப்புறம் ஆரம்பிச்சான். நான் எடுத்துண்டா சமாதானம்னு அர்த்தம். நான் எடுக்கலை. இன்னும் கொஞ்ச நாள் வைக்கட்டும்னு இருந்தேன்."

"எத்தனை நாள்?"

"அடுத்த வாரம் எடுத்துடலாம்னு இருந்தேன்" என்றாள்.

அவள் கத்தியிருந்தால் எனக்கு வசதியாக இருந்திருக்கும்.

சேகருக்கு நானே ஃபோன் செய்தேன். நடந்ததை முதல் வரியிலிருந்து கடைசி வரி வரை சொன்னேன். அவன் பொறுமையாகக் கேட்டான். பிறகு மிக மரியாதையாகச் சொன்னான்: "அத்திம்பேர், டிவியில சேனல் மாத்தவே நீங்க அக்காவைக் கூப்பிடுவேள். நீங்க உள்ள போயி இருநூறு பெட்டியை எடுத்தேளா? அவளுக்காகப் பேசறேள். உங்களுக்கு நல்ல மனசு."

என் நாற்பத்தெட்டு வருட வாழ்க்கையில் எனக்கு நல்ல மனசு என்று சொல்லி என்னை இவ்வளவு கேவலப்படுத்தியவர் வேறு யாரும் இல்லை.

மறுநாள் காலை விளையாட்டு மறுபடியும் நின்றது. இந்த முறை தெற்குக் கரையில், எந்தப் பெட்டியும் இல்லாத இடத்தில். கம்ப்யூட்டரைத் துண்டில் சுற்றி ஆட்டோவில் தி. நகருக்கு எடுத்துப்போனேன். பாண்டி பஜாருக்குப் பின்னால் ஒரு சந்தில் பழுது பார்க்கும் கடை. உரிமையாளருக்கு என் வயது இருக்கும். மூடியைக் கழற்றி, உள்ளே இருந்து விரல் நீளத்துக்கு ஒரு பச்சைப் பட்டையை உருவி, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். அதுதான் கம்ப்யூட்டரின் நினைவகமாம்.

"இதுல அழுக்கு கீது சார். கடல் காத்து. லோடு ஏறுனா புட்டுக்கும்" என்றார். சட்டைப்பையிலிருந்து ஒரு பள்ளிக்கூட ரப்பரை எடுத்து அந்தப் பட்டையின் விளிம்பில் பத்துத் தடவை தேய்த்தார். ஊதினார். திரும்பச் செருகினார். "அவ்ளோதான்."

நான் வடக்குக் கரை, பெட்டிகள், நீக்கம் எல்லாவற்றையும் அவரிடம் சொன்னேன். (ஏன் சொன்னேன் என்று தெரியவில்லை. யாராவது ஒருவர் நம்பினால் போதும் என்றிருந்தது.) அவர் நம்பினார். ஸ்க்ரூவை முடுக்கிக்கொண்டே கேட்டார்: "வூட்ல ஃப்யூஸ் போச்சுன்னா இன்னா சார் பண்ணுவ? பீரோவ தூக்கித் தெருவுல போடுவியா?"

பழைய நகல்களைத் தேடச் சொன்னேன். ஐந்து இருந்தன. ஐந்திலும் வடக்குக் கரை சுத்தமாக இருந்தது.

கடைசி முயற்சியாக ஞாயிற்றுக்கிழமை குறிப்பேட்டை எடுத்துக்கொண்டு அடையாற்றுக்குப் போனேன். இது என் கையெழுத்து. ஒவ்வொரு பெட்டிக்கும் நேரம் இருக்கிறது. அந்த நேரத்தில் கல்யாணி பள்ளியில் இருந்தாள். எந்த நீதிமன்றத்திலும் நிற்கும் ஆவணம். சேகர் அதைப் பக்கம் பக்கமாகப் படித்தான். அவன் மனைவி கொண்டுவந்த காபி ஆறும் வரை படித்தான். ரொட்டி. மீன். கம்பளி. பூசணி. ஒரு பக்கத்தில் விரலை வைத்து நிறுத்தினான். அது எண்பத்தாறாவது பெட்டி. உள்ளே ஒரு சங்கு என்று எழுதியிருந்தேன்.

"இது கிடைக்க எனக்கு மூணு வாரம் ஆச்சு" என்றான். பிறகு குறிப்பேட்டை மூடி என்னிடம் கொடுத்தான். "தெரியாம அழிச்சவா யாராவது இவ்வளவு நறுவிசா லிஸ்ட் போட்டு வச்சுப்பாளா அத்திம்பேர்? இது கணக்கு டீச்சர் போடச் சொன்ன லிஸ்ட்."

நான் குறிப்பேட்டை வாங்கிக்கொண்டு பஸ் ஏறினேன். இருபத்திரண்டு வருடம் மற்றவர்களின் வாக்கியங்களைத் திருத்தியவன் நான்; வழியெல்லாம் அதிலிருந்த ஒற்றுப்பிழைகளைத் திருத்திக்கொண்டு வந்தேன்.

எங்கள் குடும்பத்தில் இது இப்போது நகைச்சுவை. கல்யாணப் பந்தியில் இலை நிறைந்துவிட்டால் யாராவது, "அவரைக் கூப்பிடுங்கோ, ஒரு நிமிஷத்தில காலி பண்ணித் தருவார்" என்பார்கள். அலமாரி ஒழுங்கு செய்கிற வீடுகளில் என்னை வாசலோடு நிறுத்திவைப்பார்கள். போன மாதம் ஒரு வளைகாப்பில் பெண்ணின் மாமா முழுக் கதையையும் நடித்தே காட்டினார். ஏழு முறை மூடித் திறக்கும் இடத்தில் கூடம் முழுவதும் சிரித்தது. கல்யாணி முன் வரிசையில் இருந்தபடி சிரித்தாள். சேகர் வாசல் பக்கம் நின்றபடி சிரித்தான்; அவனுக்கு அது இன்னும் அக்காவைக் காப்பாற்ற நான் கட்டிய கதைதான். யார் பக்கம் பார்ப்பது என்று தெரியாமல் நானும் சிரித்துவைத்தேன். அந்தக் கதையில் பெட்டிகளுக்குள் என்ன இருந்தது என்பதை யாரும் சொல்வதில்லை. நீளம் கருதி அதை நான்தான் விடச் சொன்னேன்.

கல்யாணி இப்போதும் காலை ஆறு மணிக்கு எழுந்து விளையாடுகிறாள். வேறு விளையாட்டு. அதில் ஒருவர் மட்டும்தான் ஆட முடியும்.