மனுக்காரர் மகளுக்கு விழுந்த அடி

கட்டு எந்தக் கையில் போடுவது என்பதுதான் காலையிலிருந்து பிரச்சினை.

"எந்தக் கைம்மா? வலதா, இடதா?" என்றார் மனுக்காரர்.

மகள் தன் இரண்டு கைகளையும் மாறி மாறிப் பார்த்தாள். "ரெண்டுல ஒண்ணுப்பா."

"பாத்தியா! அடிச்ச அடியில புள்ளைக்கு எந்தக் கைன்னே மறந்துபோச்சு!"

அடுப்படியிலிருந்து மனைவி எட்டிப் பார்த்தாள். "வீக்கம் இல்ல, சிவப்பு இல்ல. கட்டு எதுக்குங்க?"

"இணைப்பு வேணாமா?"

அவர் கேட்டது நியாயம்தான். அரசு அலுவலக வாசலில் மேஜை போட்டு, இருபத்திரண்டு வருஷமாக ஊரார் குறைகளையெல்லாம் மனுவாகத் தட்டச்சு செய்து கொடுக்கிறவர் அவர். இணைப்பு இல்லாத மனு குப்பைக்கூடைக்குத்தான் போகும் என்பதை அவரைவிட நன்றாக அறிந்தவர் யாருமில்லை.

நேற்றுச் சாயங்காலம் மகள் கணக்குப் பரீட்சைப் பேப்பரைக் கையெழுத்துக்கு நீட்டினாள். நீட்டிய கையோடு, "டீச்சர் அடிச்சுட்டாங்கப்பா" என்றாள். அவ்வளவுதான். மார்க் எவ்வளவு என்றுகூடப் பார்க்கவில்லை. விறுவிறுவென்று கையெழுத்துப் போட்டுவிட்டு மெஷினில் தாளைச் செருகிவிட்டார்.

கோபம் வராதா பின்னே? பத்து வயசுப் பிள்ளை! ஒரு கணக்குத் தப்பாய்ப் போனால் வானமா இடிந்து விழுந்துவிடும்? கையில் அடித்தால் மண்டைக்குள் வகுத்தல் ஏறிவிடுமா? ஆபீசில் கணக்கைத் தப்பாய்ப் போடுகிற அதிகாரியை யாராவது முட்டி போட வைக்கிறார்களா? திருப்பி அடிக்க முடியாத ஒரே ஜென்மம் குழந்தைதான் என்பதால், கை அரிக்கிறவர்களுக்கெல்லாம் அதுதானா கிடைத்தது?

இதையெல்லாம் அவர் சத்தமாகவே கேட்டார். மனைவி அவரையே ஒரு நிமிஷம் பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

முதல் வரைவில் 'அடித்தார்' என்று இருந்தது. படித்தால் சப்பென்று இருந்தது. இரண்டாவதில் 'கண்மூடித்தனமாகத் தாக்கினார்' ஆனது. மூன்றாவதில் 'கையில் இரத்தக்காயம்' வந்துவிட்டது. இரத்தக்காயம் என்று அடித்த பிறகு பிள்ளையை வெறும் கையோடு எப்படிக் கூட்டிப்போவது? எனவே வலது கையில் கட்டுப் போட்டு, மனுவிலும் 'வலது' என்று சேர்த்துத் தபாலாபீசுக்குப் போய்வந்தார்.

"எழுதற கைப்பா அது" என்றாள் மகள்.

அவிழ்த்து இடது கையில் போட்டார். ஆனால் மனுவில் வலது என்று இருக்கிறதே! நகல் மூன்றை அதற்குள் மேலிடத்துக்குத் தபாலில் சேர்த்தாகிவிட்டது. வேறு வழியில்லாமல் வலது கையிலும் ஒரு கட்டுப் போட்டு, இரண்டு கையும் பொட்டலமாக, மகளைப் பள்ளிக்கு இழுத்துப் போனார்.

தலைமையாசிரியை மனுவைப் படித்து முடித்து, கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு, கணக்கு டீச்சரை வரச் சொன்னார். வேலைக்குச் சேர்ந்து ஐந்து மாதம்கூட ஆகாத, இன்னும் நிரந்தரமாகாத டீச்சர். விரலெல்லாம் சாக்பீஸ் தூள்.

"இந்தப் பொண்ணை அடிச்சீங்களா?"

டீச்சர் மகளைப் பார்த்தார். கட்டுகளைப் பார்த்துத் திடுக்கிட்டார். மகள் தலையைக் குனிந்துகொண்டாள்.

"ஆமா மேடம், அடிச்சேன்."

மனுக்காரருக்கு ஒரு மாதிரி ஆகிவிட்டது. இருபத்திரண்டு வருஷத்தில் எந்த எதிராளியும் இப்படி உடனே ஒத்துக்கொண்டதில்லை. மறுத்தால் நீட்டுவதற்கென்று பையில் இன்னும் மூன்று பக்கம் வைத்திருந்தார்.

"ரெண்டு கையிலயுமா?"

"ம்... ரெண்டு கையிலயும்தான்."

"எதால அடிச்சீங்க?"

"கையால" என்றார் டீச்சர். அதே நேரத்தில், "ஸ்கேலால" என்றாள் மகள்.

"கையில ஸ்கேலை வெச்சு" என்று டீச்சர் அவசரமாகத் திருத்திக்கொண்டார்.

"கொஞ்சமாவது வெக்கம் இருக்காம்மா உங்களுக்கு?" மனுக்காரர் மேஜையைத் தட்டினார். "பெத்தவங்க நம்பி அனுப்பற புள்ளைங்கம்மா! நீங்கள்லாம் மனுஷங்கதானா?"

"தப்புதான் சார். மன்னிச்சுடுங்க."

"வாயால சொன்னா ஆச்சா? இனிமே அடிக்க மாட்டேன்னு எழுதிக் குடுங்க!"

டீச்சர் மறுபேச்சில்லாமல் எழுதிக் கொடுத்தார். தலைமையாசிரியை அதை வாங்கிப் படித்துப் பெருமூச்சு விட்டார். "எழுத்துல வந்துட்டா நான் சும்மா இருக்க முடியாது. இன்னிக்கே இவங்களை வேலையை விட்டு நிறுத்தியாகணும்."

மனுக்காரர் லேசாக அசைந்தார். "அவ்வளவு தூரம் வேணாங்க. கண்டிச்சு விட்டாப் போதும்."

"'பணிநீக்கம் செய்யும்வரை ஓயமாட்டேன்'னு நீங்கதானே சார் எழுதியிருக்கீங்க?"

"அது... மனுவுக்குன்னு ஒரு நடை இருக்குல்லங்க. வேணும்னா வாபஸ் வாங்கிக்கறேன்."

"மேலிடத்துக்குப் போன மூணு நகலையும் வாங்கிடுவீங்களா?"

மனுக்காரருக்கு மறுபடியும் கோபம் மூக்குமேல் வந்து உட்கார்ந்துகொண்டது. "சரி, போகட்டும்! குழந்தை மேல கை வைக்கிறவங்களுக்கு இதுதான் பாடம்!"

டீச்சர் கண்ணைத் துடைத்துக்கொண்டு கைப்பையை எடுத்தார். அவ்வளவுதான், மகள் ஓடிப்போய் அவர் இடுப்பைக் கட்டிக்கொண்டாள். "டீச்சர் போகக் கூடாது! அவங்க என்னை அடிக்கவே இல்ல!"

"சும்மா இரும்மா" என்றார் டீச்சர் மெதுவாக.

"பாருங்க மேடம், பயத்துல புள்ள எப்படி மாத்திப் பேசுதுன்னு!" என்று கத்தினார் மனுக்காரர். "இதையும் மனுவில சேக்கணும்!"

மூலையில் தண்ணீர்க் குடத்தை இறக்கிவைத்த பள்ளி ஆயா நிமிர்ந்தார்.

"அந்தம்மா யாரையும் அடிச்சதே இல்ல சார். நேத்து நூத்துக்கு ஆறு மார்க் வாங்கின பேப்பரை வெச்சுக்கிட்டு, வீட்டுக்கே போக மாட்டேன்னு இந்தப் பாப்பா அழுதுச்சு. 'நான் அடிச்சுட்டேன்னு சொல்லு கண்ணு, ஏற்கனவே அடி வாங்கிட்டு வந்த புள்ளையை மறுபடி அடிக்க உங்கப்பாவுக்கு மனசு வராது'ன்னு சொல்லிக் குடுத்து அனுப்பினதே அவங்கதான்."