நாற்பத்தேழாம் கிழிசல்

துணி நெய்தவர்கள் உலகில் உண்டு, தைத்தவர்கள் உண்டு. கிழிப்பதை மகத்தான கலையாக உயர்த்தியவர் சினிமா உடை வடிவமைப்பாளர் குகனேஸ்வரன் ஒருவர்தான். அந்தக்காலத் தோட்டத் தொழிலாளர்களைப் பற்றிய படத்துக்காக அவர் கோலாலம்பூரிலிருந்து கேமரன் மலை ஏறியபோது, இருபது புதுப் புடவைகளும் ஒரு தேங்காய்த் துருவியும் கூடவே ஏறின. புடவைகளைத் தேயிலைச் சாயத்தில் ஊறவைத்தார், துருவியால் தேய்த்தார், கத்தரியால் 'வறுமை' சேர்த்தார். ஒவ்வொரு ஓட்டைக்கும் எண் போட்டுக் 'கிழிசல் பதிவேடு' எழுதினார். 'எண் 47: இடது தோள். அழுகைக் காட்சிக்கு மட்டும்.'

இரண்டு நாள் விடாத மழை. படப்பிடிப்பு நின்றது. மலைமேல் திரிங்காப் என்ற ஊரில் தையல் கடை வைத்திருக்கும் திலகத்திடம் புடவைகளையும் பதிவேட்டையும் ஒப்படைத்தார்.

"ஈரம் படாம வச்சிருங்கக்கா. மழை விட்டதும் எடுத்துக்கிறேன் லா."

மூட்டையைப் பிரித்த திலகம் ஒவ்வொரு ஓட்டையாக விரல் விட்டுப் பார்த்தாள். பதிவேட்டை மேசை இழுப்பறையில் போட்டுவிட்டு மிஷினில் உட்கார்ந்தாள். மூன்றாம் நாள் குகனேஸ்வரன் வந்து பார்த்தார். ஒரு ஓட்டைகூட மிச்சமில்லை.

"அக்கா, என்ன செஞ்சு வச்சிருக்கீங்க?"

"கிழிஞ்சிருந்துச்சு தம்பி, தச்சிட்டேன். காசெல்லாம் வேணாம்."

"அது என் ரெண்டு மாச வேலைக்கா."

"எங்கம்மா முப்பது வருசம் கொழுந்து பறிச்சாங்க. கிழிஞ்ச துணியோட ஒரு நாள்கூட வேலைக்கு எறங்குனதில்ல."

மறுபடி கிழிக்க நேரமில்லை. அதற்குள் இயக்குநரே வந்துவிட்டார். ஒட்டுத்தையலைத் தடவிப் பார்த்துக் கண் கலங்கினார். "இதுதான்யா நெசம். ஒவ்வொரு தையல்லயும் மானம் தெரியுது. யார் யோசன?"

"ஆறு மாச ஆராய்ச்சி சார்," என்றார் குகனேஸ்வரன். இரண்டு மாதத்தை ஆறு மாதமாக்க மேதைகளுக்கு மூச்சு விடும் நேரம் போதும். பிறகு திலகத்தின் காதோரம், "படத்துல உங்க பேரு வரும்கா, கண்டிப்பா," என்றார்.

திலகத்துக்குத் தலைகால் புரியவில்லை. திரிங்காப் முழுக்கச் சொல்லிவிட்டாள். படம் வந்ததும் வேன் பிடித்துப் பதினான்கு பேர் ஈப்போ தியேட்டருக்கு இறங்கினார்கள். கணவர் பக்கிரிசாமி முட்டைகோஸ் ஏற்ற வேண்டிய லோரியை அப்படியே விட்டுவிட்டு வந்தார். படம் முடிந்தும் யாரும் எழுந்திருக்கவில்லை. சமைத்தவர் பேர் வந்தது, ஜெனரேட்டர் பார்த்தவர் பேர் வந்தது. கடைசியில், 'நன்றி: திரிங்காப் ஏழை மக்கள்.'

"இதுல நீ எங்க இருக்க?" என்றார் பக்கிரிசாமி.

"ஏழைல இருக்கேன் போல." அவளுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

குகனேஸ்வரனுக்கோ, 'தையலில் உயிரோட்டம்' என்று விருது கிடைத்தது. பக்கத்து ஊரான கம்போங் ராஜாவின் மண்டபத்தில் பாராட்டு விழா. பொன்னாடைக்கு ஓரம் தைத்து, மேடையில் போர்த்தும் பொறுப்பு உள்ளூர்த் தையல்காரி என்ற முறையில் திலகத்துக்கு வந்தது. அவள் இழுப்பறையைத் திறந்து, குகனேஸ்வரன் வாங்க மறந்த பதிவேட்டை முதல் தடவையாகப் படித்தாள்.

"ஏழைங்களோட வலிய நான் ஆராய்ச்சி பண்ணவன்," என்று மைக்கில் முழங்கினார் மேதை. பலத்த கைதட்டல். திலகம் பொன்னாடையைப் போர்த்தினாள். இடது தோளில் உள்ளங்கை அகலத்துக்கு ஓட்டை. ஓரமெல்லாம் துருவியால் பதமாகத் தேய்த்திருந்தது.

"நாப்பத்தேழாம் நம்பர் தம்பி," என்று பதிவேட்டை அவர் கையில் வைத்தாள். "நீங்க எழுதுன எடத்துலயே கிழிச்சிருக்கேன். தைக்கணும்னா பேரு சொல்லிக் கூப்பிடுங்க, வர்றேன்."

மண்டபமே காத்திருந்தது. "அக்கா..." என்றார் குகனேஸ்வரன். ஆறு மாத ஆராய்ச்சியில் அந்தப் பேர் மட்டும் இல்லை.