கண் மூடாத சென்றி அண்ணை

பிள்ளைகள் செய்துவைத்த பனிமனிதனையே மறித்து, “ஆர் நீ? இங்க என்ன வேலை?” என்று விசாரித்தவர் ரொறன்ரோ மாநகரில் ஒருவரே, அவர் எங்கள் டோர்செட் பார்க் அடுக்குமாடியில் வாழ்ந்த சென்றி அண்ணை. போர்க்காலத்தில் ஊரில் துப்பாக்கியோடு ‘சென்றி’, அதாவது காவல், நின்றவர். இங்கு மின்தூக்கிக்குள்ளும் முதுகைச் சுவரில் ஒட்டியே நிற்பார். அவரது கோபத்துக்குக் காரணம் தேவைப்பட்டதில்லை.

அத்தகையவர் தலையை மழித்துக்கொண்டு, வோபர்ன் பக்கத்துப் பௌத்த விகாரை ஒன்றில் துறவுப் பயிற்சிக்குச் சேர்ந்துவிட்டார்!

“சிங்களப் பிக்குவிட்டயோ? உது வேவு வேலைதான்,” என்றார் கீழ்த்தள அன்ரி. பட்டிமன்ற மேடைகளில் எதிரணியை வாயடைக்கச் செய்த நான், உண்மையை அவர் வாயாலேயே வரவழைப்பதெனப் புறப்பட்டேன்.

விகாரை வாசலில், தானம் கொண்டுவந்த பக்தர்களின் சோற்றுச் சட்டிகளைத் திறந்து சோதித்துக்கொண்டிருந்தார் அண்ணை.

“தம்பி, உன்னை ஆர் அனுப்பினது?”

“ஒருத்தரும் இல்லை, அண்ணை.”

“பொய். கீழ்வீட்டு மனுசி.”

என் முதல் வாதம் அங்கேயே சரிந்தது. “ஏன் அண்ணை உந்தத் துறவு?”

“நித்திரை வேணுமடா. எத்தினை வருசமாக் கண்ணை மூடேல்லை, தெரியுமே?”

நான் நம்பவில்லை. உள்ளே தியானம் தொடங்கியது. எல்லோரும் கண்மூடியிருக்க, அண்ணை சுவரோரம் அமர்ந்து வாசலை முறைத்தார். எங்கோ ‘டக்’கென்று ஒரு சத்தம். மறுகணம் பக்கத்திலிருந்தவரின் சட்டை அவர் பிடியில் இருந்தது.

“அவரை விடுங்க மகன். அது ஹீற்றர்,” என்றார் தலைமைப் பிக்கு, நிதானமான தமிழில். “இண்டைக்கும் கண் மூடாட்டி, காவி இல்ல. வீட்டுக்குப் போகணும்.”

அண்ணையின் முகம் வாடிற்று. பின்வரிசையில் இருந்த என்னைத் திரும்பிப் பார்த்தார்.

“தம்பி, நீ ஒருத்தரையும் நம்பமாட்டாய், என்ன?”

“ஓம். உங்களையும்தான்.”

“நல்லது. கதவைப் பார்.”

எழுந்து நடு மண்டபத்துக்குப் போனார். வாசலுக்கு முதுகைக் காட்டி அமர்ந்தார். கண்களை மூடினார். சற்று நேரத்தில், புத்தர் சிலையே திரும்பிப் பார்க்கும்படி ஒரு குறட்டை எழுந்தது. தட்டி எழுப்பக் கை நீட்டிய பிக்கு, என்ன நினைத்தாரோ, கையை மடக்கிக்கொண்டார்.

“கண் மூடியாச்சுத்தானே,” என்று மெல்லச் சிரித்தார். “காவி குடுப்பம்.”

அப்போது கதவு திறந்தது. பனிச் சப்பாத்துகளைத் தரையில் தட்டியபடி எவரோ நுழைய முற்பட்டார். நான் பாய்ந்து சென்று மறித்தேன்.

“சத்தம் போடாமல் கழட்டுங்கோ. எங்கட அண்ணை நித்திரை.”