எழுநூறு கோடி முகம்

கண்டெய்னர் யார்டு வாசலில் செக்யூரிட்டி தன் கைப்பேசியைப் பகலவனின் காதோரமாகத் தூக்கிப் பிடித்தார். ஒருமுறை கைப்பேசியைப் பார்த்தார். ஒருமுறை பகலவனைப் பார்த்தார். பிறகு பகலவனின் நுழைவு பாஸை வாங்கித் தன் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார்.

"இன்னாத்துக்கு பாஸை வெச்சிக்கினே? உள்ள ரெண்டு டிரெய்லரு ஆக்சில் ஒடஞ்சி நிக்குது."

"உங்க பேரு?"

"பகலவன். திருவொத்தியூர்ல வெல்டிங் பட்டறை. பாஸ்லயே போட்டுகீதே."

"பாஸ்ல யாரு எத வேணா போட்டுக்கலாம் சார்."

பகலவன் தனக்குப் பின்னால் யாராவது நிற்கிறார்களா என்று திரும்பிப் பார்த்தார். ஆறு வருடமாக அந்த வாசலில் நுழைகிறார். அவரை அங்கே யாரும் 'சார்' என்று கூப்பிட்டதில்லை.

கைப்பேசியைத் திருப்பிக் காட்டினார் செக்யூரிட்டி. சர்வதேச நிதி அதிபர் ரெக்ஸ் தனபாலன் தேடப்படுகிறார் என்றது செய்தி. லண்டனில் மாளிகை, சைப்ரஸில் சொந்தமாக ஒரு வங்கி, மொனாக்கோவில் உல்லாசப் படகு. இந்தியாவில் பதினோரு வங்கிகளில் கடன். எண்ணூரில் நிலக்கரித் தளம் கட்டப்போவதாகச் சொல்லி, திருவொற்றியூரில் ஒரு சின்னக் கிளையில் மட்டும் எழுநூறு கோடி வாங்கியிருந்தார். தளம் எழும்பியிருக்க வேண்டிய இடத்தில் கத்திவாக்கத்துக்காரர்கள் இன்னமும் இறால் பிடித்துக்கொண்டிருந்தார்கள்.

அத்தனைக்கும் மேலே இருந்த படத்தில், அடர்ந்த மீசையும் ஒரு பக்கம் தூக்கிய புருவமுமாக, பகலவன் இருந்தார்.

"அச்சு அசலா என்னாட்டம் கீறான்," என்றார் பகலவன்.

"நானும் அதத்தான் சார் சொல்றேன். போலீஸ்ல ஒரு லெட்டர் வாங்கியாங்க. நீங்க அவரு இல்லன்னு."

"திங்கக்கெழமைக்குள்ள வேலைய முடிக்கலன்னா காண்டிராக்ட்டு எர்ணாவூர்க்காரனுக்குப் பூடும்பா."

"உங்களுக்கு எதுக்கு சார் இந்த வெல்டிங் காண்டிராக்ட்டெல்லாம்?" என்று செக்யூரிட்டி உண்மையான அக்கறையோடு கேட்டார்.

வீட்டில் பகலவனின் மனைவி செங்கொடி படத்தை உற்றுப் பார்த்தாள். "மீசைதான்யா வில்லங்கம். எடுத்துடு."

பத்தொன்பது வயதில் வைத்த மீசை. பகலவன் கண்ணை மூடிக்கொண்டு வழித்தார். கண்ணைத் திறந்தபோது தொலைக்காட்சியில் புதுச் செய்தி ஓடிக்கொண்டிருந்தது. தனபாலன் மாறுவேடத்தில் திரியலாம் என்று கணினியை வைத்து ஆறு படங்கள் வரைந்து வெளியிட்டிருந்தார்கள். முதல் படத்தில் மீசை இல்லை.

"இப்ப இன்னும் நல்லா ஒத்துப்போவுது," என்றாள் செங்கொடி.

மதியத்துக்குள் தெருவுக்குத் தெரிந்துவிட்டது. கதவைச் சாத்திக்கொள்வார்கள், கல்லெறிவார்கள் என்றெல்லாம் பகலவன் பயந்திருந்தார். அப்படி எதுவும் நடக்கவில்லை. அடுத்த தேர்தலில் கவுன்சிலருக்கு நிற்க இருந்தவர் சால்வையோடு வந்து, "நம்ம தெருவுல பொறந்து லண்டன் வரைக்கும் போயிக்கீறாரு," என்று போர்த்திவிட்டுப் போனார். டீக்கடையில் ஏலக்காய் போட்ட டீ வந்தது. அந்தக் கடையில் ஏலக்காய் இருப்பதே அன்றுதான் தெரிந்தது. நிலத்தரகர் ஒருவர் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

"அண்ணே, மணலில நாலு ஏக்கரு கீது. உங்க பேர்ல வாணாம். அண்ணி பேர்ல போட்டுக்கலாம்."

"நான் அவன் இல்லப்பா."

"தெரியும்ணே. யாரு கேட்டாலும் இதே மாதிரியே சொல்லுங்க."

சால்வையை மடித்து அக்குளில் இடுக்கிக்கொண்டு பகலவன் நேராக ஸ்டேஷனுக்குப் போனார். எழுதிக்கொண்டிருந்த ஏட்டு நிமிர்ந்து பார்த்து, பேனாவை மூடிவைத்தார்.

"நீங்க தனபாலன் இல்லன்னு நாங்க எப்படி எழுதித் தர்றது? நீங்க பகலவன்னு நீங்கதான் நிரூபிக்கணும். போய் ஆதார்ல கைரேகை வெச்சு, சீட்டு வாங்கிட்டு வாங்க."

ஆதார் மையத்தில் பத்து விரலையும் வைத்தார். பத்துக்கும் 'பொருந்தவில்லை' என்று வந்தது. இருபத்திரண்டு வருடம் பழுத்த இரும்பைத் தொட்டுத் தொட்டு, விரல்களில் ரேகை என்று சொல்லிக்கொள்ள எதுவும் மிச்சமில்லை.

இயந்திரத்தின் முன்னால் இருந்த ரூபினா என்ற பெண் குரலைத் தாழ்த்திக் கேட்டாள். "ரேகையையே அழிச்சிட்டீங்களா சார்? எந்த நாட்டுல செஞ்சிக்கினீங்க?"

அன்று வெள்ளிக்கிழமை. இன்னும் ஒரு முழு நாள்கூடப் போகவில்லை. அதற்குள் பகலவனிடம் பாஸும் இல்லை, மீசையும் இல்லை, ரேகையும் இல்லை.

வீடு திரும்பியதும், "பேங்க்குக்குப் போய்யா," என்றாள் செங்கொடி. "பன்னெண்டு வருசமா கணக்கு வெச்சிகினு கீற. நீ யாருன்னு அவுங்களுக்குத் தெரியாதா?"

"போன வருசம் ஒன்றரை லட்சம் லோனு கேட்டு நாலு மாசம் நடந்தேன். ஒருநாள்கூட அந்த மேனேஜரு தலய நிமுத்திப் பாத்ததில்லம்மே."

"இன்னிக்குப் பாப்பாரு."

தெருவில் சால்வைக்காரர்கள் கண்ணில் படாமல் இருக்கத் தொப்பியும் கறுப்புக் கண்ணாடியும் போட்டுக்கொண்டு கிளம்பினார். அது அந்த ஆறு படங்களில் நான்காவது.

எழுநூறு கோடி கொடுத்த அதே சின்னக் கிளைதான் அது. உள்ளே நுழைந்ததும் கவுண்ட்டர்களில் பேச்சு நின்றது. மேனேஜர் ஜெஸ்வின் கண்ணாடிக் கதவைத் தானே திறந்துகொண்டு வெளியே வந்தார். இரண்டு கைகளாலும் பகலவனின் கையைப் பற்றினார்.

"உக்காருங்க சார். உங்கள நேர்ல பாக்கறது இதுதான் முதல் தடவை."

"இல்ல சார். போன வருசம் நாலு மாசம் உங்க எதிர்லதான் நின்னுகினு இருந்தேன்."

ஜெஸ்வின் பணிவோடு சிரித்தார். "பெரியவங்க பேச்சே தனி. சார், இந்த எழுநூறுல ஒரே ஒரு தவணை, அடையாளத்துக்கு ஒரு லட்சம் கட்டுனீங்கன்னாகூடப் போதும். என் வேலை தப்பிச்சிரும். பொண்ணு பிளஸ் டூ படிக்கிறா சார்."

"சார், நான் பகலவன். நான் பகலவன்தான்னு நீங்க ஒரு லெட்டர் குடுத்தா..."

"புதுப் பேர்ல புதுக் கணக்கா?" ஜெஸ்வின் யோசித்தார். "இன்னிக்கே தொறந்துரலாம் சார். ஆனா மேல கேக்கணும்."

முந்திரி வந்தது, மாதுளை ஜூஸ் வந்தது. மேலே கேட்பதாக ஜெஸ்வின் உள் அறைக்குப் போய் வந்த பத்தாவது நிமிடம் போலீஸ் வந்தது.

அதே ஸ்டேஷன்தான். ஆனால் இந்த முறை நாற்காலி கிடைத்தது. அதன்மேல் வெள்ளைத் துண்டு விரித்திருந்தார்கள். இன்ஸ்பெக்டர் எழுந்து நின்று மின்விசிறியைப் பகலவன் பக்கம் திருப்பிவைத்தார்.

"மட்டன் பிரியாணி சொல்லியிருக்கேன் சார். உடம்புக்கு ஒத்துக்கும்ல? உங்க வக்கீல்ங்க லண்டன்லேர்ந்து வர எவ்ளோ நேரமாவும்?"

வக்கீலுக்குப் பதில் செங்கொடி வந்தாள். ரேஷன் கார்டு, கல்யாணப் படம், வெல்டர்கள் சங்க அடையாள அட்டை எல்லாவற்றையும் மேசையில் கொட்டினாள்.

"எழுநூறு கோடி வெச்சிகீறவன் வூட்ல மழைக்கு ஒழுகுமா? வந்து பாருங்க, பெட்ரூம்ல ரெண்டு பக்கெட்டு கீது."

"பெரிய ஆளுங்க வெளிய அப்படித்தான்மா காட்டிப்பாங்க," என்றார் இன்ஸ்பெக்டர், மரியாதை குறையாமல்.

பகலவன் செங்கொடியைப் பார்த்தார். திங்கட்கிழமை காண்டிராக்ட் போய்விடும். அது போனால் பட்டறையைப் பூட்ட வேண்டியதுதான். அந்த நேரத்தில் பிரியாணியின் வாசனை வேறு வந்தது. அழுவதா சாப்பிடுவதா என்று புரியவில்லை.

இரண்டாவது வாய் வைக்கும்போது ஏட்டு ஓடிவந்து தொலைக்காட்சியின் ஒலியைக் கூட்டினார்.

ஏதோ ஒரு தீவிலிருந்து ரெக்ஸ் தனபாலன் நேரலையில் பேட்டி கொடுத்துக்கொண்டிருந்தார். ஒல்லியான, வெள்ளைவெளேரென்ற மனிதர். தலைமுடியைப் பின்னால் குதிரைவாலாகக் கட்டியிருந்தார். மடியில் ஒரு பூனை.

"நான் கடன் வாங்கினேன், தொழில் நஷ்டமாகிவிட்டது, அவ்வளவுதான்," என்றார் தனபாலன். "ஆனால் என் பெயரில் யாரோ ஒரு ஆளின் படத்தை உலகம் முழுக்கப் போட்டிருக்கிறார்கள். அந்த முகமா என் முகம்? எனக்கு ஏற்பட்ட மன உளைச்சலுக்கு வங்கிமீது வழக்குப் போடப்போகிறேன்."

இன்ஸ்பெக்டர் தொலைக்காட்சியைப் பார்த்தார். பகலவனைப் பார்த்தார். பிறகு மின்விசிறியைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டார்.

"எந்திரிடா."

பகலவன் எழுந்தார். ஏட்டு வந்து நாற்காலியிலிருந்த துண்டை உதறி எடுத்துக்கொண்டார்.

"அப்போ இந்த போட்டோல இருக்கறது யாரு?"

"நான்தான் போலகீது சார்."

"நீ எதுக்குடா அதுல இருந்தே?"

படம் வங்கி அனுப்பியது என்றார் ஏட்டு. வங்கிக்குப் போன் போனது. ஜெஸ்வின் எடுக்கவில்லை; தலைமை அலுவலகத்தில் விசாரணைக்குப் போயிருந்தார். மூலக் கோப்பை உடனே கொடுத்தனுப்பும்படி இன்ஸ்பெக்டர் கத்தினார். அது வந்து சேரும்வரை பகலவன் வெளி வராந்தாவில் நிற்க வேண்டும் என்றார். பாதிப் பிரியாணியை யாரோ எடுத்துப் போய்விட்டார்கள்.

ஆறு மணிக்கு வங்கியின் அட்டெண்டர் லியாகத் அலி தடித்த கோப்பைத் தூக்கிக்கொண்டு ஆட்டோவில் வந்து இறங்கினார். இன்னும் இரண்டு மாதத்தில் ஓய்வு பெறப்போகிறவர். உள்ளே போகாமல், வராந்தாத் தூணோரம் நின்ற பகலவனையும் செங்கொடியையும் பார்த்தார். பிறகு கோப்பை மார்போடு அணைத்துக்கொண்டு பக்கத்தில் வந்தார்.

"பகலவா, உள்ள போறதுக்கு முன்னால உன்னாண்ட ஒண்ணு சொல்லிடறேன், அப்பால நீ அடிச்சாலும் வாங்கிக்கறேன்," என்றார் லியாகத் அலி. "ஆடிட்டுக்கு வந்தவங்க எழுநூறு கோடி ஃபைல்ல போட்டோ எங்கன்னு கேட்டாங்க, அவ்ளோ பெரிய மனுசனாண்ட போய் போட்டோ குடுன்னு எப்டி கேக்கறதுன்னுட்டு, நீ ஒன்றரை லட்சம் லோனுக்குக் குடுத்தியே ஆறு போட்டோ, அதுல ஒண்ண நான்தான் எடுத்து ஒட்டினேன்."