‘லைட்டுப் போதாது’ சார் எடுத்த படம்

சூரியனிடமே குறை கண்டுபிடித்த ஒரே மனிதர், அம்பத்தூரில் எங்கள் பக்கத்துப் போர்ஷனில்தான் குடியிருந்தார். கத்திரி வெயிலில் தார் ரோடு உருகிச் செருப்பைப் பிடித்து இழுக்கும் மதியத்தில், கழுத்தில் தொங்கும் ஒளி அளக்கும் கருவியைத் தூக்கிப் பார்ப்பார். உதட்டைப் பிதுக்குவார். “லைட்டுப் போதாது.” அதுவே அவர் பெயராகிவிட்டது. அப்பா அம்மா வைத்த பெயர் போஸ்ட்மேனுக்கு மட்டும்தான் தெரியும்.

எழுபதுகளின் நடுவில் மெட்ராசுக்கு டெலிவிஷன் வந்த புதிது. சார் அதற்கு டாக்குமென்ட்ரி எடுப்பவர். கதாநாயகி இல்லாத படத்தை இவர் எதற்கு எடுக்கிறார் என்று தெருவில் யாருக்கும் விளங்கவில்லை.

ஒருமுறை பெண் பார்க்கப் போன இடத்தில், பெண் காபித் தட்டோடு வந்து நின்றதும், பழக்க தோஷத்தில் அந்த இரண்டு வார்த்தையைச் சொல்லிவிட்டார். அவர் சொன்னது கூடத்தில் எரிந்த பல்பைப் பற்றி. மகளின் நிறத்தைப் பற்றி என்று நினைத்த அப்பாக்காரர், நீட்டிய காபியைத் திரும்ப வாங்கிக்கொண்டாராம். இன்னொரு நாள் ஆவடி பஸ் ஸ்டாப்பில், ஒரு ஷாட்டுக்காக ஒரு பஸ் ஜனத்தையே மூன்று தரம் இறக்கி ஏற்றினார். திட்டப்போகிறார் என்று நாங்கள் பயந்த கண்டக்டர், தலை வாரிக்கொண்டு வந்து, தன்னையும் சேர்த்து நாலாவது தரம் எடுக்கச் சொன்னார்.

இப்படிப்பட்டவர், அம்பத்தூர் இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டில் வேலை பார்க்கும் பெண்களைப் பற்றிப் படமெடுக்கக் கிளம்பினார். நான் அங்கே ஒரு போல்ட் கம்பெனியில் டைப்பிஸ்ட். மெஷினில் நின்ற கன்னியம்மாவை அவருக்குக் காட்டியது நான்தான். ஐம்பது வயது. எந்த வயலில் நாற்று நட்டாளோ, அதே இடத்தில் எழும்பிய ஷெட்டில் போல்ட் போட்டுக்கொண்டிருந்தாள். சார் மூன்று நாள் கேமராவோடு அவள் பின்னால் அலைந்துவிட்டு, நாலாம் நாள் மைக்கை நீட்டினார்.

“முன்ன குனிஞ்சிகினு வேல. இப்ப நின்னுகினு வேல. இடுப்பு வலி போச்சு, கால் வலி வந்துச்சி. ஆனா எவன் ஊட்டு வாசல்லயும் போய்க் கைகட்டி நிக்க வாணாம் நைனா. எனக்கு அது போதும்.”

சாருக்குக் கண் கலங்கிவிட்டது. அன்று முழுவதும் வெளிச்சத்தைப் பற்றி வாயே திறக்கவில்லை.

படம் ஒளிபரப்பான சனிக்கிழமை மாலை, தெருவுக்கே ஒரு டெலிவிஷன் வைத்திருந்த எங்கள் வீட்டுக்காரர் ஹாலில் ஐம்பது பேர். முன்வரிசையில் புதுப் புடவையோடு கன்னியம்மா. அவள் முகம் வந்தது. வாய் அசைந்தது. கேட்டதோ வேறு யாரோ ஒரு பெண்ணின் குரல்: “எமது வயல்கள் இன்று தொழிற்கூடங்களாக மலர்ந்துள்ளன.”

ஹாலே சிரித்தது. கன்னியம்மா சிரிக்கவில்லை. “என் மூஞ்சிய வச்சிகினு எவளோ பேசறா,” என்று எழுந்து போய்விட்டாள்.

சார் கதவோரம் தலைகுனிந்து நின்றார். இந்த மாதிரிப் பேச்சு டெலிவிஷனுக்கு ஆகாது என்று மேலதிகாரி சொல்லிவிட, பத்து நாள் சண்டை போட்டுத் தோற்றிருக்கிறார். அதை அவளிடம் முன்கூட்டிச் சொல்ல அவருக்குத் தைரியம் வரவில்லை.

மறுநாள் காலை, ஆபீஸ் டேப் ரெக்கார்டரை யாரையும் கேட்காமல் தூக்கிக்கொண்டு வந்துவிட்டார். கன்னியம்மா வீட்டுக்கு வழிகாட்ட நானும் போனேன்.

“மன்னிச்சிடுங்கம்மா. உங்க பேச்ச என்னால காப்பாத்த முடியல. நீங்களாவது கேட்டுடுங்க,” என்று சுவிட்சைப் போட்டார்.

சந்தே கூடிவிட்டது. கன்னியம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு கேட்டாள். முடிந்ததும் முந்தானையை எடுத்தாள். “நானா இவ்ளோ சோக்கா பேசிகீறேன்?” என்றாள். பிறகு ஏழு தரம் போடச் சொன்னாள். சாரை உட்காரவைத்து நெத்திலிக் குழம்பு ஊற்றிச் சோறு போட்டாள்.

திங்கட்கிழமை மெமோ வந்தது. அடுத்த மாதம் வடக்கே எங்கோ மாற்றல். ரெக்கார்டரைத் திருப்பிக் கொடுத்தவர், உள்ளே இருந்த டேப்பை மட்டும் கொடுக்கவேயில்லை என்று கேள்வி.

நான் பத்திரிகைகளுக்குத் துணுக்கு எழுதுவது அவருக்குத் தெரியும். ரயில் ஏறும்போது ஒன்றே ஒன்று கேட்டார்.

“படத்துல அவங்க பேரையே போடல. நீங்க என்னைக்காவது எழுதினா போட்டுடுங்க.”

போட்டுவிட்டேன் சார். ரொம்பத் தாமதம்தான், கோபித்துக்கொள்ளாதீர்கள்.