டிராகனிடம் பிறப்புச் சான்றிதழ் கேட்டவர்

நெருப்பைக் கக்கிக்கொண்டு டிராகன் பறந்து வந்தால் உலகத்தில் எல்லோரும் வாயைப் பிளப்பார்கள். "இது எந்த வருஷம் பொறந்திச்சு, தகப்பனார் பேரு என்னா, பதிவு பண்ணுனாங்களா?" என்று கேட்ட ஒரே மனிதர் எங்கள் காரைக்காலில்தான் இருக்கிறார்.

ஊருக்கு அவர் 'எத்தா சிவில்'. பிறப்பு, இறப்பு, கல்யாணம் எல்லாவற்றையும் பிரெஞ்சுக்காரர்கள் எழுதி வைத்த பதிவேட்டுக்கு எங்கள் பக்கத்தில் வயதானவர்கள் இன்னும் சொல்லும் பெயர் அது. பிரான்சில் உறவுள்ள குடும்பங்களுக்குக் கொள்ளுத்தாத்தாவின் கல்யாணப் பதிவைத் தேடிப்பிடித்து மனு எழுதிக் கொடுப்பது அவர் தொழில். நகராட்சி பக்கத்தில் ஒரு மேஜை, இரண்டு நாற்காலி, ஓர் இழுப்பறை. அவர் எழுதும் மனுவில் வேறு யாரும் பேனா வைக்கக் கூடாது. ஒரு தடவை அதில் உட்கார்ந்த ஈயை நான் ஊதிவிட்டதற்கே முறைத்தார்.

இப்பேர்ப்பட்டவர் பொம்மைப் படத்தில் விழுந்த கதை சின்னது. பாரிசிலிருந்து வந்த அவர் அக்கா மகள் லேப்டாப்பில் 'மேகத்தீவு' பார்த்துக்கொண்டிருந்தாள். மேகத்துக்கு மேலே ஏழு தீவு, ஒரு ராஜா, மூன்று ராணி, கணக்கில்லாத டிராகன். இவர் எட்டிப் பார்த்துக் கேட்ட முதல் கேள்வி: "மூணு ராணின்னா, முதல் கல்யாணம் ரத்தாச்சா இல்லையா?" அவளுக்குப் பதில் தெரியவில்லை. அன்றைக்கே ஒரு புது நோட்டை எடுத்து மேகத்தீவுக்குப் பதிவேடு திறந்துவிட்டார்.

அப்புறம் அந்தப் படத்தின் தமிழ் ரசிகர்களுக்குப் போனில் ஒரு குரூப், அதற்கு அவரே அட்மின். உறுப்பினர்களில் முக்கால்வாசிப் பேர் பள்ளி, கல்லூரிப் பிள்ளைகள். நாற்பத்திரண்டு வயதில் நானும் அதில் சேர்ந்தது என் மனைவிக்குத் தெரியாது. இந்தப் பத்திரிகையை அவள் வாங்குவதில்லை என்ற தைரியத்தில் எழுதுகிறேன்.

காலையில் யாராவது இளவரசி படத்தோடு வணக்கம் போட்டால், "எந்தப் படம், எத்தனாவது நிமிஷம்?" என்று கேட்பார். மந்திரவாதியும் படகோட்டியும் ஒரே ஆள்தான் என்று நான் ராப்பகலாக உட்கார்ந்து நாற்பது பக்கத்துக்கு ஓர் ஆராய்ச்சி எழுதி அனுப்பினேன். ஒரு வரியில் பதில் வந்தது: "இணைப்புகள் இல்லை. நிராகரிக்கப்படுகிறது."

ஒரு நாள் குண்டைப் போட்டார். பெரிய ராணி ஏழு வருஷம் பனிச்சிறையில் தனியாகக் கிடந்தாள். அதில் நாலாவது வருஷம்தான் இளவரசி இல்வாரி பிறந்திருக்கிறாள். 'ஆகவே இளவரசி இல்வாரி, ராணி பெற்ற மகள் அல்ல' என்று பதிவேட்டில் எழுதி, அந்தப் பக்கத்தைப் படமெடுத்துக் குரூப்பில் போட்டார்.

குரூப் பற்றி எரிந்தது. "அங்கிள், உங்களுக்கு வேற வேலையே இல்லையா?" என்றாள் ஒருத்தி. சும்மா இருப்பேனா நான்? 'அட்மினை மேகத்திலிருந்து தள்ளிவிடலாமா?' என்று வாக்கெடுப்பு வைத்தேன். தள்ளலாம் என்று ஓட்டு குவிந்தது. என் ஓட்டும் அதில்தான்.

"தேதி சொல்லுது தம்பி, நானா சொல்றேன்?" என்று அவர் அமைதியாக டீ குடித்தார்.

மூன்றாம் நாள் மாலை நான் அவர் மேஜையருகே உட்கார்ந்திருந்தபோது, பட்டினச்சேரியிலிருந்து ஓர் அம்மாள் போனைப் பிடித்தபடி வந்து நின்றார்.

"பொம்மப் படத்துக்குக் கணக்கு எழுதுறவரு நீங்கதானா சார்?"

"பதிவு," என்று திருத்தினார் எத்தா சிவில். "உக்காருங்கம்மா. சொல்லுங்க."

"எம் மவ என் போனுலதான் உங்க குரூப்பப் பாப்பா. அவ எங்கக்கா பெத்த புள்ள சார். அக்கா போயிட்டா, கைக்குழந்தையிலேந்து நான்தான் வளக்குறேன். இல்வாரின்னா அவளுக்கு உசுரு. நீங்க போட்டதப் படிச்சதுலேந்து மொகமே சரியில்ல. அம்மான்னு கூப்புட வாயெடுக்குறா, நிறுத்திக்கிறா. அத அழிச்சுப்புடுங்க சார்."

"அழிச்சுடுங்களேன், பொம்மைதானே?" என்றேன்.

"அழிச்சா அது பதிவேடு இல்ல தம்பி, மளிகை லிஸ்ட்டு!" என்று என்மேல் பாய்ந்தார். ஆனால் குரலில் வழக்கமான கெத்து இல்லை. நோட்டைப் புரட்டி அந்தப் பக்கத்தையே பார்த்துக்கொண்டிருந்தவர் திடீரென்று நிமிர்ந்தார்.

"ஏம்மா, அந்த ராணி இந்தப் புள்ளைய 'எம் மக'ன்னு எங்கயாச்சும் வாய் தொறந்து சொல்லிருக்காளா?"

"சொல்லுவா சார்! ரெண்டாவது படத்துல, சபையில வச்சு. எம் மவ அந்த எடத்தையே திருப்பித் திருப்பிப் போடுவா."

"சாட்சி?"

"சபையே இருந்திச்சு சார். டிராகன் கூட இருந்திச்சு."

"அது போதும்."

பழைய பதிவேடுகளில் பக்கத்தின் ஓரத்தில் இடம் விட்டிருப்பார்களாம். ஒரு பிள்ளையைப் பின்னால் யாராவது தன் பிள்ளையாக ஏற்றுக்கொண்டால், எழுதியதை அடிக்காமல் அந்த ஓரத்தில் குறிப்பு எழுதுவார்களாம். அதற்கப்புறம் அந்தக் குறிப்புக்குத்தான் மதிப்பு. சொல்லிக்கொண்டே ஓரத்தில் எழுதினார்: 'இல்வாரியைப் பெரிய ராணி சபையறியத் தன் மகளாக ஏற்றுக்கொண்டாள். மகளுக்குள்ள உரிமை அனைத்தும் இவளுக்கு உண்டு.' அந்த அம்மாளும் நானும் சாட்சிக் கையெழுத்துப் போட்டோம். "உங்க தொழில் என்ன தம்பி?" என்று கேட்டவர், நான் யோசிப்பதைப் பார்த்து, "சரி, காலியா விட்டுடுறேன்" என்றார்.

அம்மாள் எழுந்திருக்கவில்லை.

"சார்... எம் மவளுக்கும் இந்த மாதிரி எழுத முடியுமா? படத்துக்கு இல்ல. நெசமா."

"அதுக்கு முறையா மனு இருக்கும்மா. நாளைக்கு அவளயும் கூட்டிக்கிட்டு வாங்க."

குரூப்பில் வைத்த வாக்கெடுப்பை அன்றைக்கே நீக்கிவிட்டேன். மறுநாள் மகள் வந்தாள், பள்ளிச் சீருடையில், உதட்டை இறுக்கிக்கொண்டு. மனு தயாராக இருந்தது. தாயார் பெயர் என்ற இடம் மட்டும் வெறுமையாக இருந்தது. எத்தா சிவில் தன் பேனாவை மூடி கழற்றி அவளிடம் நீட்டினார்.

"இத நீயே எழுதும்மா."

அவள் பேனாவை வாங்கினாள். மனுவைப் பார்த்தாள். பிறகு தலையைத் திருப்பாமலே, சாதாரணமாகக் கேட்டாள்:

"அம்மா, உன் இனிஷியல் என்னா?"

எத்தா சிவில் குனிந்து இழுப்பறையில் எதையோ தேட ஆரம்பித்தார். வெகுநேரம் தேடினார். அந்த இழுப்பறையில் ஒன்றும் கிடையாது, எனக்குத் தெரியும்.