காணாமல் போன பாலம் குறித்துச் சம்பந்திக்கு

மதிப்பிற்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

நாங்கள் இருவரும் சுகம். நீங்களும் சம்பந்தியம்மாளும் சுகமாக இருப்பதாக மாப்பிள்ளை நேற்றே போனில் சொல்லிவிட்டதால் அதைத் தனியாக விசாரிக்கவில்லை. உங்கள் முழங்கால் வலியும் குறைந்திருக்கும். மூன்று மணி நேரம் நாற்காலியை விட்டு எழாமல் உட்கார முடிகிறவருக்கு முழங்கால் நன்றாகத்தான் இருக்க வேண்டும். அந்த மூன்று மணி நேரம் எனக்கு எப்படித் தெரியும் என்பதைக் கீழே எழுதியிருக்கிறேன்.

விஷயம் இதுதான். என் கம்ப்யூட்டரில் இருந்த பாலம் கட்டும் விளையாட்டைக் காணவில்லை. ஞாயிற்றுக்கிழமை மாலை நாலு மணி வரை இருந்தது. நாலேகாலுக்கு நீங்களும் மாப்பிள்ளையும் சொல்லாமல் கொள்ளாமல் வந்தீர்கள். உங்களுக்குத் தண்ணீர் கொண்டுவர நான் உள்ளே போன நேரத்தில் என் நாற்காலியில், கம்ப்யூட்டருக்கு நேர் எதிரே உட்கார்ந்திருந்தீர்கள். ஆறு மணிக்குக் கிளம்பினீர்கள். திங்கட்கிழமை காலையில் பார்த்தால் இல்லை. நான் யாரையும் குற்றம் சொல்லவில்லை. நேரத்தை மட்டும் எழுதியிருக்கிறேன்.

காணாமல் போனது வேறு விளையாட்டாக இருந்தால் விட்டிருப்பேன். ஆனால் போன மாதம் நமக்குள் போனில் நடந்த பேச்சு உங்களுக்கு ஞாபகம் இருக்கும். முப்பத்தேழாவது கட்டத்தில், அவர்கள் கொடுக்கிற கம்பியில் பாதியை மட்டும் வைத்துக்கொண்டு, நாற்பது லாரி போகிற பாலம் கட்டிவிட்டேன் என்று சொன்னேன். "சம்பந்தி, கணக்குப்படி அது நிக்கவே நிக்காது" என்றீர்கள். "நிக்கும்" என்றேன். "நான் படிச்சது இந்தப் படிப்புதான்" என்றீர்கள். படித்ததை யார் இல்லை என்றது? நீங்கள் படித்துவிட்டு வரைபடத்தில் கையெழுத்துப் போட்டீர்கள். நான் படிக்காமல் முப்பத்துநாலு வருஷம் மேஸ்திரியாக வெயிலில் நின்று கட்டினேன். அத்தனை வருஷத்தில் நான் நிற்கும் என்று சொன்ன எதுவும் விழுந்ததில்லை. அடுத்த வாரம் வெள்ளிக்கிழமை நீங்கள் வந்து கண்ணால் பார்ப்பதாக ஏற்பாடு. விளையாட்டே இல்லை என்று நான் கையை விரித்தால் நீங்கள் லேசாகச் சிரிப்பீர்கள். அந்தச் சிரிப்பைக் கல்யாணப் பேச்சு நாளிலேயே பார்த்திருக்கிறேன்.

ஆகவே திங்கள் முதல் வியாழன் வரை நான் பட்ட பாட்டைக் கேளுங்கள். முதலில் மாப்பிள்ளைக்குப் போன் செய்தேன். "மாமா, ஒரு தடவை அணைச்சுட்டுப் போடுங்க" என்றார். அணைத்துப் போட்டேன், இல்லை. "கணக்கிலிருந்து வெளியே வந்து மறுபடி உள்ளே போங்க" என்றார். வெளியே வருவது சுலபமாக இருந்தது, உள்ளே போகக் கடவுச்சொல் கேட்டது. அதை நான் பத்திரமாகக் காலண்டரின் பின்பக்கம் எழுதி வைத்திருந்தேன், வீட்டில் அந்தக் காலண்டரைக் கிழித்து அலமாரித் தட்டில் விரித்து மேலே பருப்பு டப்பாக்களை அடுக்கிவிட்டாள், பதினாறு டப்பாவையும் இறக்கிப் பார்த்தால் கடைசி நாலு எழுத்தில் எண்ணெய்க் கறை, ஒவ்வொன்றாக மாற்றி மாற்றிப் போட்டதில் "நிறைய தடவை முயன்றுவிட்டீர்கள், சற்று நேரம் கழித்து வாருங்கள்" என்று என் கணக்கிலிருந்தே என்னைத் துரத்திவிட்டது. செவ்வாய்க்கிழமை மாப்பிள்ளை புதுக் கடவுச்சொல் போட்டுக் கொடுத்ததும் உள்ளே போனேன். சீட்டுக்கட்டு இருக்கிறது, மீன் பிடிக்கிறது இருக்கிறது, மாப்பிள்ளை வாங்கிப்போட்ட நான் தொடவே தொடாத துப்பாக்கி விளையாட்டு மூன்று இருக்கிறது, பாலம் இல்லை. "நிறுவியதை மட்டும் காட்டு"ன்னு ஒரு இடத்துல டிக் இருந்தா எடுத்துடுங்க மாமா என்றார், எடுத்தேன். தேடுகிற பெட்டியில் ஏதாவது எழுத்து மிச்சம் இருக்கா பாருங்க என்றார், பார்த்தேன், என் கண்ணாடியைத் துடைத்துவிட்டும் பார்த்தேன்.

புதன்கிழமை அந்தக் கம்பெனியின் உதவிப் பிரிவுக்கு எழுதினேன். உடனே பதில் வந்தது. விளையாட்டைக் காணவில்லை என்பது புரிகிறதாம், வருந்துகிறார்களாம், தயவுசெய்து விளையாட்டைத் திறந்து அதன் அமைப்புகளுக்குப் போக வேண்டுமாம். திறக்க அது இருந்தால் உனக்கு நான் ஏனய்யா எழுதுகிறேன் என்று கேட்டேன். "உங்கள் பொறுமைக்கு நன்றி" என்று வந்தது. நான் எந்தப் பொறுமையையும் காட்டவில்லை. வியாழக்கிழமை மூலைக்கடை ரிப்பேர்காரரை வரவழைத்தேன். அவர் கீபோர்டைத் தலைகீழாகக் கவிழ்த்துத் தட்டினார். உள்ளேயிருந்து ஒரு பொத்தானும் கொஞ்சம் பிஸ்கட் தூளும் விழுந்தன. "இதனால இருக்காது சார்" என்றார். அவ்வளவுதான் அவர் வித்தை. பின்னாலிருந்து வீட்டில், "ஏங்க, அதுல லாரி போனா என்ன, நின்னா என்ன, இந்த வீட்டுக் குழாய் ஒழுகறதை யார் பாக்கறது?" என்கிறாள். குழாய் ஒழுகுவதை யாரும் நிற்காது என்று சொல்லவில்லையே.

இப்போது முக்கியமான இடத்துக்கு வருகிறேன். மாப்பிள்ளை நம் இரண்டு வீட்டையும் ஒரே குடும்பக் குழுவாகச் சேர்த்துவிட்டிருக்கிறார். அவர் வாங்கிய பாலம் விளையாட்டு ஒன்றுதான், அதை நாம் ரெண்டு பேரும் ஆடலாம், ஆனா ஒரே நேரத்துல ஒருத்தர்தான் என்று அவரே சொல்லியிருக்கிறார். புதன்கிழமை பத்து மணிக்கு என் திரையின் ஓரத்தில் உங்கள் பெயர் பச்சையில் எரிந்தது. கீழே, பாலம் கட்டிக்கொண்டிருப்பதாகத் தகவல். ஒரு மணிக்கும் எரிந்தது. எனக்கு இதெல்லாம் சின்னப் பிள்ளைகள் சமாச்சாரம், சீட்டு மட்டும்தான் ஆடுவேன் என்று என்னிடம் சொன்ன அதே நீங்கள். இருப்பது ஒன்று. இங்கே இல்லை, அங்கே இருக்கிறது. இதற்குப் பொறியியல் படிப்பு வேண்டாம். மாப்பிள்ளையிடம் சொன்னால், "அது அப்படி இல்ல மாமா, எடுத்துட்டுப் போற பொருள் இல்ல" என்று சிரிக்கிறார். அப்பாவை விட்டுக்கொடுக்காத பிள்ளை, நல்ல குணம்தான். ஆனால் என் அலுமினிய ஏணியை நீங்கள் இரண்டு நாளைக்கு என்று வாங்கிப்போய் எட்டு மாதம் ஆகிறது. அதையும் யாரும் எடுத்துக்கொண்டு போகவில்லையா? அதற்கும் உங்கள் வீட்டில், "வந்து எடுத்துக்கலாமே" என்றுதான் பதில். ஏணி போன வழியில்தான் பாலமும் போயிருக்கிறது என்பது என் முடிவு.

ஆகவே இதன்மூலம் தெரிவித்துக்கொள்வது: வெள்ளிக்கிழமை வர வேண்டாம். விளையாட்டு எடுத்த இடத்துக்குத் திரும்பிய பிறகு நானே அழைக்கிறேன். அதுவரை நாற்பது லாரியும் போனது போனதுதான், என் கண்ணால் பார்த்தேன். பாலம் எப்படிக் கட்டுவது என்று யாரிடமும் நான் கேட்டதில்லை, கேட்கப் போவதும் இல்லை. இதனால் நம் பிள்ளைகளுக்குள் ஒரு வருத்தமும் வரக்கூடாது. என் மகளிடம் இதைச் சொல்ல வேண்டாம், அவள் உங்கள் பக்கம்தான் பேசுவாள்.

சம்பந்தியம்மாளுக்கு என் வணக்கம். மாப்பிள்ளைக்கும் மகளுக்கும் என் ஆசிகள். உங்களுக்கும் முழங்காலுக்கும் நீண்ட ஆயுள் வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
உங்கள் சம்பந்தி

பின்குறிப்பு: கடிதத்தை உறையில் போட்டு ஒட்டப் போகும்போது வீட்டில் வந்து, "ஞாயித்துக்கிழமை வாசல்ல கார் சத்தம் கேட்டதும் பதறிப்போய் என்னத்தையோ அமுக்கிட்டு, 'மறைச்சாச்சு, இனி அந்த மனுஷன் கண்ணுல படாது'ன்னு சொன்னீங்களே, அது என்ன?" என்றாள். போய்ப் பார்த்தேன். மேலே ஒரு பட்டியலில், மறைத்தவை என்று தனியாக ஓர் அறை மாதிரி வைத்திருக்கிறார்கள். பாலம் அதற்குள் உட்கார்ந்திருக்கிறது. மறைத்தேன், உண்மைதான். ஆனால் உங்களிடமிருந்துதான் மறைத்தேன். நீங்கள் போனதும் அது தானாக வெளியே வந்திருக்க வேண்டாமா? அந்த ஏற்பாட்டைச் செய்யாதது அவர்கள் தப்பு.

ஏன் மறைத்தேன் என்று கேட்பீர்கள். மூன்று பக்கம் எழுதியதைக் கிழிக்க மனம் வராததால் அதையும் எழுதிவிடுகிறேன். முப்பத்தொன்பது லாரி போகிறது. அன்று போனிலும் முப்பத்தொன்பது போனதைப் பார்த்துவிட்டுத்தான் நாற்பது என்றேன், ஒரு லாரிதானே, போகாமலா இருக்கும் என்று. இப்போதும் ஓட்டிப் பார்த்தேன். நாற்பதாவது நடுவில் வந்ததும் இடது பக்க இணைப்பு விட்டுப்போகிறது. இருபத்திரண்டு தடவை கம்பியை மாற்றிக் கட்டிவிட்டேன். உங்களுக்குப் பதினெட்டாவது லாரியிலேயே விழுகிறது என்று மாப்பிள்ளை வாய் தவறிச் சொன்னார். கணக்குத் தெரிந்தவருக்குப் பதினேழு, தெரியாதவனுக்கு முப்பத்தொன்பது, இதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

வெள்ளிக்கிழமை வாருங்கள். உங்கள் கால்குலேட்டரைக் கொண்டுவந்தால் நான் தடுக்கப்போவதில்லை. இடது பக்கத்தை மட்டும் பார்த்தால் போதும், வலது பக்கத்தைத் தொடக்கூடாது.

ஏணியைப் பற்றி மேலே எழுதியதில் மட்டும் ஒரு மாற்றமும் இல்லை. காரின் மேலே கட்டிக் கொண்டுவரலாம்.